தரல்லி: பூலியாவின் சோம்பு வளையங்களை வீட்டிலேயே செய்யலாம்

இத்தாலியைக் காலணி என்று வைத்துக்கொண்டால் அதன் குதிகால்தான் பூலியா. பாரி, லேச்சே, தாரன்தோ நகரங்கள் இருக்கும் பகுதி. கோதுமையும் ஆலிவும் திராட்சையும் ஒரே மண்ணில் விளைகிற ஊர் என்பதால், அங்கே பிறந்த நொறுக்குத்தீனியிலும் இந்த மூன்றும்தான் இருக்கின்றன: மாவு, ஆலிவ் எண்ணெய், வெள்ளை ஒயின். உப்பும் சோம்பும் சேர்த்தால் தரல்லி. விரல் நுழையும் அளவுக்குச் சிறு வளையமாகச் சுற்றி, முதலில் கொதிநீரில் போட்டெடுத்து, பிறகு ஓவனில் சுடுவார்கள். ஈஸ்ட் கிடையாது, பேக்கிங் பவுடர் கிடையாது.

சேர்மானம் ஐந்தே ஐந்து என்றாலும் முதல் தடவை செய்கிறவர்களில் பலருக்கு இது கல்லாகத்தான் வருகிறது. கடினம் வேறு, மொறுமொறுப்பு வேறு. நல்ல தரல்லி பல்லில் பட்டதும் 'நறுக்'கென்று உடைந்து, அடுத்த கடியிலேயே மணல் போல உதிர வேண்டும். அந்த உதிரும் தன்மை மாவில் எண்ணெய் எவ்வளவு, எப்போது சேர்கிறது என்பதிலும், வளையத்திலிருந்து ஈரம் முழுவதும் வெளியேறியதா என்பதிலும்தான் இருக்கிறது. மீதியெல்லாம் கைப்பழக்கம்.

தேவையானவை

கீழே உள்ள அளவுக்கு 10 கிராம் எடையில் 80 வளையங்கள் வரும். சுட்டு முடித்த பிறகு மொத்தம் 600 கிராமுக்குச் சற்று மேலே நிற்கும்.

மைதா – 500 கிராம்
எக்ஸ்ட்ரா வர்ஜின் ஆலிவ் எண்ணெய் – 125 கிராம் (ஏறக்குறைய 135 மி.லி.)
இனிப்பில்லாத வெள்ளை ஒயின் – 180 மி.லி.; பக்கத்தில் இன்னும் 20 மி.லி. தயாராக இருக்கட்டும்
உப்பு – 10 கிராம், வேகவைக்கும் தண்ணீருக்குத் தனியாக
சோம்பு – 10 கிராம் (குவித்த ஒரு மேசைக்கரண்டிக்கும் சற்று அதிகம்)

எடைபோடும் தராசு இல்லாமல் இதைத் தொடங்க வேண்டாம். மைதாவைக் கப்பில் அமுக்கி அளப்பதற்கும் தூவி அளப்பதற்கும் இடையே 20, 30 கிராம் வித்தியாசம் சாதாரணமாக வரும். நான்கு கப் அளக்கும்போது அது 100 கிராமைத் தொட்டுவிடும். அதற்குள் எண்ணெய் விகிதம் முழுவதும் குலைந்துபோகும்.

மாவைப் பற்றி. இத்தாலியக் குறிப்புகளில் '00' அல்லது '0' என்று பார்ப்பீர்கள். அந்த எண் மாவு எவ்வளவு வெண்மையாகச் சலிக்கப்பட்டது என்பதைக் காட்டுவது. இத்தாலியச் சட்டப்படி 00 மாவில் சாம்பல் அளவு (மாவை எரித்தால் மிஞ்சும் தாதுப்பொருள்) 0.55 சதவீதத்தைத் தாண்டக் கூடாது, புரதம் குறைந்தது 9 சதவீதம் இருக்க வேண்டும். நம் கடைகளில் கிடைக்கும் சாதாரண மைதா இந்த வேலைக்குத் தாராளமாகப் போதும். பிரெட்டுக்கென்று விற்கும், புரதம் அதிகமுள்ள மாவை மட்டும் தவிர்த்துவிடுங்கள். அதில் குளூட்டன் (மாவின் புரதம் தண்ணீரோடு சேர்ந்து உண்டாக்கும் இழுவை) வலுத்து, கயிறாக உருட்டும்போதெல்லாம் சுருங்கிக்கொண்டே இருக்கும். கோதுமை மாவு சேர்க்க ஆசைப்பட்டால் 500-இல் 100 கிராம் வரை மாற்றலாம், அப்போது ஒயின் 10 முதல் 15 மி.லி. கூடும்.

எண்ணெயில்தான் கை வைக்கத் தோன்றும். "125 கிராமா!" என்று பாதியாகக் குறைத்தால் கிடைப்பது தரல்லி அல்ல, பல்லைப் பதம் பார்க்கும் வளையம். எண்ணெய் மாவுத் துகள்களின் மேல் பூச்சாகப் படிந்து, தண்ணீர் உள்ளே புகுந்து குளூட்டன் நீண்ட இழையாகப் பின்னிக்கொள்வதைத் தடுக்கிறது. தட்டைக்கும் முறுக்குக்கும் மாவில் சூடான எண்ணெயோ வெண்ணெயோ விடுகிறோமே, அதே வேலைதான். மாவின் எடையில் நான்கில் ஒரு பங்கு என்பது நன்றாக நிலைக்கும் விகிதம். 100 கிராமுக்குக் கீழே இறங்கினால் கடினம் தெரிய ஆரம்பிக்கும், 150-க்கு மேலே போனால் கயிறு உருட்டும்போதே முறியும்.

எந்த ஆலிவ் எண்ணெய் என்பதும் சுவையில் தெரியும். பூலியாவில் கொராத்தோ என்ற ஊரின் பெயரைத் தாங்கிய கொரத்தீனா என்னும் ஆலிவ் வகை உண்டு. தொண்டையில் சுருக்கென்று காரமும் லேசான கசப்பும் தரும் எண்ணெய் அது. அவ்வளவு தேட வேண்டியதில்லை. ஆனால் 'போமஸ்' அல்லது 'லைட்' என்று எழுதிய பாட்டிலில் ஆலிவின் மணம் அநேகமாக இருக்காது. ஐந்தே பொருள் உள்ள பண்டத்தில் ஒன்று வாசனையற்றுப் போனால் மறைக்க வேறு எதுவும் இல்லை.

ஒயினுக்கு இங்கே இரண்டு வேலை. புளிப்பும் பழவாசனையும் தருவது ஒன்று. அதில் உள்ள ஆல்கஹாலின் பங்குக்குத் தண்ணீர் குறைவதால் குளூட்டன் அவ்வளவாக வலுக்காமல் இருப்பது இன்னொன்று. சுடும்போது ஆல்கஹாலின் பெரும்பகுதி ஆவியாகிவிடும். இத்தாலியில் ஒரு சச்சரவு சுமுகமாக முடிந்துவிட்டால் "எல்லாம் தரல்லூச்சியிலும் (குட்டித் தரல்லி) ஒயினிலும் முடிந்தது" என்பார்கள். இரண்டுக்கும் அவ்வளவு பழைய உறவு. ஆனாலும் ஒயின் வேண்டாம் என்கிற வீடுகள் தயங்க வேண்டியதில்லை. 175 மி.லி. தண்ணீரில் ஒரு மேசைக்கரண்டி எலுமிச்சைச் சாறு அல்லது வெள்ளை வினிகர் கலந்து விடுங்கள். எண்ணெயை 135 கிராமாக உயர்த்தி, பிசையும் நேரத்தைப் பாதியாகக் குறையுங்கள். பழவாசனை கொஞ்சம் குறையும், மொறுமொறுப்பில் குறை இருக்காது.

சோம்பில் இரண்டு அளவு கடையில் கிடைக்கிறது: சாப்பாட்டுக்குப் பின் மெல்லும் மெல்லிய பச்சை நிறச் சோம்பு, குழம்புக்குப் போடும் பருத்த சோம்பு. இரண்டாவது போதும். முழுதாகவே போடுங்கள். பாதியை மட்டும் உரலில் ஒரே ஒரு இடி இடித்துச் சேர்த்தால் மணம் மாவெங்கும் பரவும். பொடித்துவிடக் கூடாது, பற்களுக்கிடையில் முழு விதை சிக்கி உடைவதுதான் இதன் இன்பம்.

மாவு பிசைதல்

அகன்ற பாத்திரத்தில் மைதா, உப்பு, சோம்பு மூன்றையும் கலந்து, முதலில் எண்ணெயை மட்டும் ஊற்றுங்கள். பல குறிப்புகளில் எண்ணெயும் ஒயினும் ஒன்றாகவே கொட்டச் சொல்வார்கள். அப்படியும் வரும். ஆனால் எண்ணெய் முந்திக்கொண்டால்தான் மாவுத் துகள்களைத் தண்ணீர் சேரும் முன்பே பூசி வைக்க முடிகிறது, உதிரும் தன்மை கூடுகிறது. இரு உள்ளங்கைகளுக்கும் இடையில் வைத்து இரண்டு மூன்று நிமிடம் தேய்த்துத் தேய்த்து விடுங்கள். புட்டு மாவுப் பதம்: பிடித்தால் பிடிபட வேண்டும், உதிர்த்தால் உதிர வேண்டும். எங்கும் எண்ணெய்த் திட்டோ வெள்ளை மாவோ தனியாகத் தெரியக் கூடாது.

இப்போது ஒயின். ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த கையோடு ஊற்றாதீர்கள். அறை வெப்பத்துக்கு வரட்டும், குளிர்ந்த திரவத்தில் மாவு இறுகும். 180 மி.லி.யை மூன்று தவணையாக ஊற்றிக் கையால் கூட்டுங்கள். எல்லாம் சேர்ந்தும் பாத்திரத்தின் அடியில் உலர்ந்த மாவு நின்றால் மட்டும் மீதியிலிருந்து ஒரு தேக்கரண்டி, பிறகு இன்னொன்று. மழைக்கால மாவும் கோடை மாவும் ஒரே அளவு ஈரம் இழுப்பதில்லை.

பலகையில் போட்டு ஆறு முதல் எட்டு நிமிடம் பிசைந்தால் போதும். தொடக்கத்தில் எண்ணெய் வெளியே கசிவது போலத் தோன்றும், மாவு துண்டு துண்டாகப் பிரியும். அங்கே பயந்து மைதாவைத் தூவாதீர்கள். நான்காவது நிமிடத்தில் அது தானாகவே எண்ணெயை உள்ளே வாங்கிக்கொண்டு வழவழப்பாகும். காதுமடலைத் தொட்டது போல மிருதுவாகவும், கையில் ஒட்டாமலும் இருந்தால் சரி. சப்பாத்தி மாவைப் போல இழுத்தால் நீள வேண்டும் என்று எதிர்பார்த்துப் பதினைந்து நிமிடம் பிசைகிறவர்கள் உண்டு. அவர்களுடைய தரல்லிதான் கடிக்க முடியாமல் போவது.

உருட்டி, ஈரத்துணியோ கவிழ்த்த பாத்திரமோ போட்டு மூடி 30 நிமிடம் ஓய்வு. இந்த அரைமணி நேரத்தைத் தாண்டிக் குதித்தால் அடுத்த கட்டத்தில் ஒவ்வொரு கயிறும் ரப்பராகச் சுருங்கி உங்கள் பொறுமையைச் சோதிக்கும்.

வளையம் சுற்றுதல்

மாவிலிருந்து எலுமிச்சை அளவு கிள்ளிக்கொண்டு, மீதியை மூடியே வையுங்கள். கிள்ளியதைச் சுண்டுவிரல் கனத்துக்கு நீளமாக உருட்டி, 10 கிராம் துண்டுகளாக நறுக்குங்கள். முதல் ஐந்தாறு துண்டுகளைத் தராசில் போட்டுப் பார்த்தால் பிறகு கண்ணே அளந்துவிடும். ஒவ்வொரு துண்டையும் 10 செ.மீ. நீளத்துக்கு உருட்டினால் கனம் சரியாக 1 செ.மீ. வரும். மரப்பலகையில் மாவு தூவக் கூடாது. தூவினால் கயிறு உருளாமல் வழுக்கும். கூடவே அந்த உலர்ந்த மாவு வளையத்தின் இணைப்பை ஒட்டவிடாது.

இரு முனைகளையும் ஒன்றன்மேல் ஒன்றாக ஒரு செ.மீ. ஏற்றி, ஆள்காட்டி விரலால் பலகையோடு சேர்த்து அழுத்துங்கள். லேசாகத் தொட்டால் போதாது, அந்த இடம் கயிற்றின் கனத்துக்கே தட்டையாக வேண்டும். எண்ணெய் நிறைந்த மாவு தன்னோடு தான் எளிதில் ஒட்டாது. அடம்பிடித்தால் முனையில் ஈரவிரலை ஒற்றி எடுத்து அழுத்தலாம். வட்டமாகச் சுற்றலாம், முனைகள் குறுக்கிட்டு நிற்கும் நீர்த்துளி வடிவிலும் விடலாம், பூலியாவில் இரண்டும் உண்டு. நடுத்துளை ஒன்றரை செ.மீ.க்குக் குறைந்தால் வெந்து பருக்கும்போது அடைபட்டு நடுப்பகுதி வேகாத உருண்டையாக நின்றுவிடும்.

சிறியதாக வேண்டுமென்றால் 5 கிராம் துண்டை 8 செ.மீ.க்கு உருட்டுங்கள். அதைத் தரல்லீனி என்பார்கள். வாயில் ஒன்றைப் போட்டு மெல்ல அதுதான் சுகம், ஆனால் 160 வளையம் சுற்ற இரண்டு பேர் வேண்டும்.

சுற்றியவற்றை ஈரமில்லாத துணியில் பரப்பி, மேலே இன்னொரு துணியால் மூடுங்கள். காற்றில் கிடந்து தோல் காய்ந்தால் கொதிநீரில் விழுந்ததும் கீறல் விடும்.

ஒரு நிமிடக் குளியல்

பேகல் ரொட்டிக்கும் இந்த வளையத்துக்கும் பொதுவான கட்டம் இது. மூன்று லிட்டர் தண்ணீரில் 30 கிராம் உப்பு போட்டுத் தளதளவென்று கொதிக்க விடுங்கள். அகன்ற பாத்திரம் நல்லது. வளையங்களைப் பன்னிரண்டு பன்னிரண்டாக, ஒவ்வொன்றாக நீருக்கு அருகில் கொண்டுபோய் நழுவ விடுங்கள். மேலிருந்து போட்டால் வடிவம் கோணும், கொதிநீரும் கையில் தெறிக்கும்.

போட்டதும் வளையம் அடியில் போய் உட்காரும். பத்து விநாடி கழித்து அகப்பைக் காம்பால் அடியை மெதுவாக ஒருமுறை வருடிவிடுங்கள், ஒட்டிக்கொண்டது விடுபடும். அதன் பிறகு கை வைக்காமல் பாருங்கள். மாவின் மங்கலான வெள்ளை மாறி, மேலே மெழுகு பூசியது போல ஒரு பளபளப்பு ஏறும். ஒரு பக்கம் லேசாகத் தூக்கிக்கொள்ளும், ஆடும், பிறகு மெல்ல மேலே வரும். போட்டதிலிருந்து அரை நிமிடத்துக்கும் ஒரு நிமிடத்துக்கும் நடுவில் இது நடந்துவிடும். மிதந்ததும் ஐந்து விநாடிக்குள் ஜல்லிக்கரண்டியால் எடுங்கள்.

அந்தப் பளபளப்புதான் நாம் தேடுவது. கோதுமையின் மாவுச்சத்து 60 டிகிரி செல்சியஸ் தாண்டியதும் நீரை உறிஞ்சிக் கூழாகும். வளையத்தின் மேல்தோல் மட்டும் இப்படிக் கூழாகி உறை போல மூடிக்கொள்ள, உள்ளே இருப்பது இன்னும் பச்சை மாவுதான். ஓவனில் அந்த உறை காய்ந்து மெல்லிய கண்ணாடித் தோலாகிறது. வடிவத்தையும் அதுவே பிடித்து வைக்கிறது. வேகவைக்காமல் நேராக ஓவனில் வைத்தாலும் சாப்பிடும்படி ஒரு உப்பு பிஸ்கட் வரும், ஆனால் மேலே மினுமினுப்பு இருக்காது, கடிக்கும்போது அந்த முதல் 'நறுக்' இருக்காது.

நேரத்தில்தான் தவறு நேரும். மிதந்த பின்னும் இரண்டு மூன்று நிமிடம் விட்டால் தண்ணீர் உள்ளே ஊறி, ஓவனில் எவ்வளவு நேரம் வைத்தாலும் நடுவில் சவ்வுபோல நிற்கும். கொதி அடங்கிய நீரில் போட்டால் மிதக்கவே தாமதமாகி அதே கதை. ஆகவே ஒவ்வொரு தவணைக்குப் பிறகும் நீர் மறுபடி தளதளக்கும்வரை காத்திருங்கள். வளையம் வாய் திறந்துகொண்டால் நீரைக் குற்றம் சொல்ல வேண்டாம், இணைப்பை அழுத்திய விரல்தான் காரணம்.

உலர்த்தி, சுட்டு, மறுபடி உலர்த்தி

எடுத்தவற்றைச் சுத்தமான பருத்தித் துணியில் ஒன்றையொன்று தொடாமல் அடுக்குங்கள். டிஷ்யூ தாளில் வைத்தால் கூழான தோலோடு தாள் ஒட்டிக்கொண்டு பிய்ந்து வரும். குறைந்தது ஒரு மணி நேரம் காயட்டும், நடுவில் ஒருமுறை புரட்டிப் போடுங்கள். மாலையில் வேகவைத்து இரவு முழுவதும் காயவிட்டு மறுநாள் காலையில் சுடுகிற வீடுகளும் உண்டு. தொட்டால் தோல் தாளைப் போல உலர்ந்திருக்க வேண்டும், பிசுபிசுக்கக் கூடாது. சென்னை, கொழும்பு போன்ற கடலோர ஊர்களின் காற்றில் இது தாமதமாகும். மின்விசிறிக்கு அடியில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஓவனை 200 டிகிரிக்கு 15 நிமிடம் முன்பே சூடேற்றுங்கள். விசிறியோடு கூடிய ஓவன் என்றால் 180 போதும். ட்ரேயில் பேக்கிங் பேப்பர் விரித்து வளையங்களுக்கிடையில் ஒரு விரல் இடைவெளி விட்டு அடுக்குங்கள். மெழுகு பூசிய தாள் வேண்டாம், அது இந்தச் சூட்டில் புகையும். துளைகள் உள்ள ட்ரேயோ கம்பித் தட்டோ இருந்தால் இன்னும் நல்லது, அடிப்பக்கத்து ஈரமும் வெளியேறும்.

நடுத்தட்டில் 200 டிகிரியில் 15 நிமிடம். பிறகு 170-க்கு இறக்கி இன்னொரு 18 முதல் 22 நிமிடம். இந்த இரண்டாம் கட்டத்தின் நடுவில் ட்ரேயை முன்பின்னாகத் திருப்பி வையுங்கள். முதல் சூடு நிறத்தையும் தோலையும் கொடுக்கிறது, இரண்டாவது உள்ளே இருக்கும் ஈரத்தை இழுக்கிறது. நிறம் வந்துவிட்டது என்று இருபதாவது நிமிடத்தில் வெளியே எடுப்பதுதான் மிகவும் சாதாரணமாக நடக்கும் தவறு. சூடாக இருக்கும்போது அது மொறுமொறுப்பாகவே தோன்றும், ஆனால் ஒரு மணி நேரத்தில் நடுவில் இருக்கும் ஈரம் வெளித்தோலுக்கு வந்து மொத்தமும் நமத்துவிடும்.

நிறத்தை நம்பாமல் எடையை நம்பினால் ஏமாற்றம் இல்லை. வேகவைக்கும் முன் பத்து வளையங்களை எடைபோடுங்கள். 100 கிராம் இருக்கும். அந்தப் பத்தையும் ட்ரேயின் ஒரு ஓரமாக அடையாளம் வைத்துச் சுடுங்கள். முடியும் தறுவாயில் எடுத்துப் போட்டுப் பார்த்தால் 75 கிராமுக்கு அருகில் நிற்க வேண்டும். 80-க்கு மேல் காட்டினால் ஈரம் உள்ளேதான் இருக்கிறது, இன்னும் ஐந்து நிமிடம் கொடுங்கள். தராசு பிடிக்காதவர்கள் ஒன்றை உடைத்து உள்ளே பாருங்கள்: வெளியிலிருந்து நடுவரை ஒரே வெளிர்மஞ்சளாக, சிறு சிறு துளைகளோடு இருந்தால் ஆயிற்று. நடுவில் கண்ணாடி போல ஒரு கருத்த கோடு தெரிந்தால் ஆகவில்லை.

நிறம் தேன்போல வந்ததும் ஓவனை அணைத்து, கதவில் ஒரு மரக்கரண்டியைச் செருகி, திறந்த இடுக்கோடு 20 நிமிடம் அப்படியே விடுங்கள். பிறகு கம்பித் தட்டில் முழுவதும் ஆறட்டும். ஓடிஜி எனப்படும் சிறிய மேசை மின் ஓவனில் கீழ்க்கம்பி உக்கிரமாக இருந்து அடி கருகினால், அதே ட்ரேக்கு அடியில் இன்னொரு காலி ட்ரேயை வையுங்கள். தரல்லீனி அளவுக்கு மொத்த நேரம் 25 நிமிடத்துக்குள் முடிந்துவிடும், பக்கத்திலேயே நில்லுங்கள்.

மற்ற சுவைகள்

சோம்புதான் மூத்தது. அதன் கைப்பழக்கம் வந்த பிறகு மற்றவற்றுக்குப் போவது நல்லது, ஏனென்றால் ஈரம் உள்ள எந்தப் பொருளும் மாவின் கணக்கை மாற்றும்.

மிளகு எளிது: சோம்புக்குப் பதில் 6 கிராம் மிளகைக் கரகரப்பாக இடித்துப் போடுங்கள். மிளகாய்க்கு 125 கிராம் எண்ணெயைக் கைபொறுக்கும் சூட்டுக்கு மேல் கொஞ்சம் காய்ச்சி, அடுப்பை அணைத்துவிட்டு ஒன்றரைத் தேக்கரண்டி சில்லி ஃப்ளேக்ஸைப் போட்டு முழுவதும் ஆறவிடுங்கள். மிளகாயின் நிறமும் காரமும் எண்ணெயில்தான் கரையும் என்பதால் உலர்ந்த மாவில் நேரே தூவுவதைவிட இது சீராகப் பரவும்.

பூண்டைப் பச்சையாக அரைத்துப் போட வேண்டாம், அதன் மேல் படும் ஓவன் சூட்டில் கருகிக் கசக்கும். இரண்டு தேக்கரண்டி பூண்டுப்பொடி போதும். அல்லது நான்கைந்து பற்களை நசுக்கி எண்ணெயில் மிதமான சூட்டில் போட்டு, மணம் இறங்கியதும் வடிகட்டி அந்த எண்ணெயை உபயோகியுங்கள். பூண்டு ஊறிய எண்ணெயை மிச்சம் வைத்து அறைச்சூட்டில் சேமிக்கக் கூடாது. பாட்டுலிசம் என்னும் நச்சுணவு ஆபத்து அதில் உண்டு. அன்றன்றே தீர்த்துவிடுங்கள்.

பிள்ளைகள் கேட்பது பீட்சா சுவை. 40 கிராம் டொமேட்டோ பேஸ்ட்டை 160 மி.லி. ஒயினில் கரைத்துக்கொள்ளுங்கள், சோம்பை விலக்கி இரண்டு தேக்கரண்டி உலர்ந்த ஓரிகானோவை உள்ளங்கையில் கசக்கிச் சேருங்கள். கெட்சப் இதற்கு ஆகாது, அதில் இருக்கும் சர்க்கரை சீக்கிரம் கருக்கும். தக்காளியிலும் இயல்பாகவே இனிப்பு இருப்பதால் முதல் கட்டச் சூட்டை 180-ஆகக் குறைத்து நேரத்தை ஐந்து நிமிடம் நீட்டுங்கள். துருவிய பார்மெசான் அல்லது பெக்கொரீனோ பாலாடைக்கட்டி 60 கிராம் சேர்க்கிறவர்கள் மாவு உப்பை 6 கிராமாக இறக்க வேண்டும். ரோஸ்மேரி பிடித்தால் ஒரு மேசைக்கரண்டி, ஊசியாக நீட்டிக்கொண்டிருக்காமல் பொடியாக நறுக்கி.

வெங்காயமும் உலர்திராட்சையும் சேர்ந்த தரல்லி பூலியாவில் நிறையப் பேருக்குப் பிரியமானது, கொஞ்சம் பாடுபட வைப்பதும் அதுதான். 200 கிராம் வெங்காயத்தைப் பொடியாக நறுக்கி, அளந்து வைத்த எண்ணெயிலிருந்தே 20 கிராம் எடுத்துச் சிறுதீயில் சுருள வதக்குங்கள். சட்டியின் அடியில் ஈரமே தெரியாத அளவுக்கு, கால் மணி நேரமாவது. ஆறியதும் 50 கிராம் திராட்சையைப் பொடியாக நறுக்கி இரண்டையும் மாவில் கலந்து, ஒயினை 140 மி.லி.யில் தொடங்குங்கள். முழுத் திராட்சை கயிற்றிலிருந்து பிதுங்கி வெளியே வந்து ஓவனில் கரியாகும். இந்த வகை மட்டும் ஒரு வாரத்துக்கு மேல் வைக்காதீர்கள்.

சுட்டு முடித்த வளையங்களின் மேல் மசாலாப் பொடி தூவினால் அது டப்பாவின் அடியில்தான் போய்ச் சேரும். மேலே சுவை வேண்டுமென்றால் 300 கிராம் தரல்லிக்கு ஒரு மேசைக்கரண்டி ஆலிவ் எண்ணெயில் ஓரிகானோ, பூண்டுப்பொடி, பொடியுப்பு குழைத்துப் புரட்டி, 130 டிகிரியில் ஆறேழு நிமிடம் வைத்தெடுங்கள்.

நேப்பிள்ஸில் தரல்லி என்று கேட்டால் கையில் கிடைப்பது வேறொன்று. அங்கே பன்றிக் கொழுப்பும் நிறைய மிளகும் சேர்த்த, ஈஸ்ட் போட்டுப் புளிக்கவைத்த மாவு. இரண்டு கயிறுகளை முறுக்கி வளையமாக்கி, மேலே முழு பாதாமைப் பதித்து, வேகவைக்காமல் நேராகச் சுடுவார்கள். பூலியா வகைக்குச் சொன்ன நேரமும் சூடும் அதற்குப் பொருந்தாது.

இன்னும் சில பழுதுகள்

கயிறு உருட்டும்போது மேலே வெடிப்பு விழுந்தால் மாவில் ஈரம் குறைவு. கையை நனைத்துக்கொண்டு ஒரு நிமிடம் பிசைந்து, மறுபடி பத்து நிமிடம் மூடி வைத்தால் சரியாகும். வெடிப்போடு எண்ணெயும் கையில் பளபளத்தால் தேய்க்கும் கட்டத்தில் எண்ணெய் முழுவதும் சேரவில்லை என்று பொருள்.

சுட்டபின் மேலே சிறு கொப்புளங்கள் இருந்தால் தோல் காயாமலே ஓவனுக்குள் போயிருக்கிறது. சுவையில் குறை இல்லை, அடுத்த முறை கூட ஒரு மணி நேரம் காயவிடுங்கள். வெளுத்தே நின்றால் ஓவனின் சூடு எண்ணில் காட்டுவதைவிடக் குறைவு. வீட்டு ஓவன்களில் 15, 20 டிகிரி தள்ளி நிற்பது அபூர்வமில்லை, தனி ஓவன் வெப்பமானி ஒன்று வாங்கி உள்ளே தொங்கவிடுவது நல்ல செலவு. உப்பு சப்பென்று இருக்கிறதா? மாவில் கூட்டாதீர்கள், முதலில் வேகவைத்த நீரில் உப்பு போட்டோமா என்று யோசியுங்கள். நாக்கில் முதலில் படுவது அந்தத் தோலின் உப்புதான்.

சேமிப்பு

கை வைத்தால் சூடே தெரியாத அளவுக்கு ஆறிய பிறகுதான் டப்பாவில் போட வேண்டும். வெதுவெதுப்போடு மூடினால் மூடியில் வியர்வை கட்டும். காற்றுப் புகாத, வெளிச்சம் படாத தகர டப்பாவில் மூன்று வாரம் நன்றாக இருக்கும். ஈரம் ஏறி நமத்தால் 150 டிகிரியில் எட்டு நிமிடம் காட்டி ஆறவைத்தால் பழையபடி வந்துவிடும். எண்ணெய் சிக்கு வாடை அடித்துவிட்டால் மட்டும் மீட்க வழியில்லை. அதனால்தான் டப்பாவை அடுப்புக்குப் பக்கத்திலோ வெயில் விழும் ஜன்னலிலோ வைக்கக் கூடாது. எண்ணெய் பாட்டிலைத் திறந்ததும் முகர்ந்து பார்த்துவிட்டு, பழசென்று சந்தேகம் வந்தால் அதைக் கொண்டு தரல்லி செய்யாமல் இருப்பதே மேல்.